கூலி: இல்லை

ஊருக்குப் பக்கத்து நகரத்தில் நடந்த இரண்டு நாள் பயிற்சிக்குத் தம்பியோடு நானும் போயிருந்தேன். விவசாயத்தைத் தொழிலாகச் செய்வோம் என்று மேடையில் பேனர் கட்டியிருந்தார்கள். சுமார் அறுபது பேர். அதில் என்னையும் சேர்த்துப் பெண்கள் நான்கு பேர். பயிற்சி தந்தவர் நன்றாகப் பேசினார். உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்குக்கூட மிஞ்சாது என்ற பழமொழிதான் விவசாயியைக் கெடுத்தது என்றார். டீக்கடைக்காரர்கூட ராத்திரி கல்லாவை எண்ணிவிட்டுத்தான் படுக்கிறார், நீங்கள் மட்டும் ஏன் கணக்கெழுதுவதில்லை என்று கேட்டார். எனக்குப் பிடித்துவிட்டது. கல்லூரியில் இருபது வருடமாக வணிகவியல் சொல்லித்தருபவள் நான். கணக்கெழுது என்று யார் சொன்னாலும் எனக்குப் பிடிக்கும்.

அடுத்து, ஐந்து கறவை மாட்டில் பால் பண்ணை தொடங்குவது எப்படி என்று ஒரு மாதிரித் திட்ட அறிக்கை திரையில் வந்தது. மாடு வாங்க இவ்வளவு, கொட்டகைக்கு இவ்வளவு, அடர் தீவனம், பசுந்தீவனம், காப்பீடு, வைத்தியம், வங்கி வட்டி. எல்லாம் வரிசையாக வந்தன. கூலி என்ற வரியில் மட்டும் 'இல்லை' என்றிருந்தது. பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் 'குடும்ப உழைப்பு'. கடைசி வரியில் நிகர லாபம், தடித்த எழுத்தில்.

எழுந்து கேட்டேன். "குடும்ப உழைப்புன்னா யாரோட உழைப்புங்க சார்?"

"வீட்டுல பொம்பளைங்க பாத்துக்குவாங்கம்மா. அதுக்குப் போய் ஆள் போட்டா கட்டுபடியாகுமா?"

கூடம் சிரித்தது. தம்பியும் சிரித்தான். என் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டான்.

கட்டுபடியாகுமா என்பதுதான் அன்றைய பயிற்சியிலேயே உருப்படியான கேள்வி. அதைக் கேட்டவரே தாண்டிப் போய்விட்டார். அதற்கு என்னிடம் பதில் இருந்தது, ரூபாய் கணக்கோடு. அங்கே சொல்லவில்லை. இங்கே சொல்கிறேன்.

2019 ஐப்பசியில் அம்மாவுக்குக் கர்ப்பப்பையை எடுத்தார்கள். மூன்று மாதம் குனியக்கூடாது, கனம் தூக்கக்கூடாது என்று டாக்டர் சொல்லியனுப்பினார். அப்போது எங்கள் கட்டுத்தரையில் ஐந்து மாடு. கறவையில் மூன்று. தினமும் 24 லிட்டர் பால் சொசைட்டிக்குப் போகும், லிட்டர் 32 ரூபாய். அம்மா நாலு மணிக்கு எழுந்து சாணி அள்ளுவாள். பால் கறப்பாள், தண்ணி காட்டுவாள், சோளத்தட்டு அறுத்து வந்து போடுவாள். பருத்திக்கொட்டை, புண்ணாக்கு, தவிடு கலக்குவாள். சாயங்காலம் மறுபடியும் கறவை. நடுவில் களையெடுப்பு, சமையல், படுக்கையில் கிடந்த அப்பத்தாவுக்கு எல்லாமும். அவள் படுத்ததும் அப்பா ஆள் தேடினார். காலையும் மாலையும் வந்து கறந்துவிட்டுப் போகிறவருக்கு மாதம் 6,000. சாணி, தட்டு, தீவனத்துக்கு ஒரு பெண்ணாள், நாள் கூலி 350. சமையலுக்கும் அப்பத்தாவுக்கும் நானும் சித்தியும் முறை வைத்துப் போய் வந்தோம். அது எந்தக் கணக்கிலும் வராது. இந்தக் கணக்கிலும் அதை நான் சேர்க்கவில்லை.

அம்மா படுத்திருந்தது 42 நாள். அந்த நாட்களில் பால் பணம் 32,256 ரூபாய். தீவனம் நாளுக்கு 450 வீதம் 18,900. மீதி 13,356. வழக்கமாக அப்பா லாபம் என்று சொல்வது இதைத்தான், நாளுக்கு 318 ரூபாய். இப்போது ஆள் கூலி குறுக்கே வந்தது. பெண்ணாளுக்கு 14,700, கறவைக்காரருக்கு 8,400, ஆக 23,100. பண்ணை 9,744 ரூபாய் நட்டத்தில் நின்றது. கொட்டகைத் தேய்மானம், மாட்டுக் கடன் வட்டி எல்லாம் போட்டால் இன்னும் கீழே போகும். போடாமலே இந்த நிலை.

அப்பா மாட்டை வித்துடலாமா என்று யோசிக்க ஆரம்பித்தார். படுக்கையில் இருந்தபடியே அம்மா சொன்னாள்: "அவசரப்படாதீங்க. நா எந்திரிச்சாச் செரியாப் போயிரும்."

மூன்று மாதத்துக்குப் பதில் 43ஆம் நாளே எழுந்தாள். சரியாகப் போய்விட்டது. லாபம் திரும்பி வந்தது.

இரண்டு ஆள் கூலி நாளுக்கு 550. பண்ணையின் லாபம் 318. அதாவது எங்கள் பண்ணை அம்மாவுக்குத் தரவேண்டிய 550இல் 318ஐ லாபம் என்று பெயர் மாற்றி அப்பாவின் சட்டைப்பையில் வைத்தது. மீதி 232ஐ அம்மா தன் கையிலிருந்து போட்டுப் பண்ணையை நடத்தினாள். வணிகவியலில் இதற்கு லாபம் என்று பெயர் கிடையாது.

விவசாயத்தைத் தொழிலாகச் செய்யாதீர்கள், அது வாழ்க்கைமுறை, அது பண்பாடு என்று பேசுகிறவர்களோடு நான் சேரமாட்டேன். பண்பாடு என்று பேசத் தொடங்கினாலே சாணி அள்ளுவது யார் என்ற கேள்வி காணாமல் போய்விடும். தொழிலாகவே செய்யுங்கள். ஆனால் நிஜமாகச் செய்யுங்கள். தொழில் என்றால் உழைக்கிறவருக்குக் கூலி உண்டு, முதல் போட்டவருக்குப் பங்கு உண்டு, கையெழுத்து அதிகாரம் உண்டு, கணக்கைப் பார்க்கும் உரிமை உண்டு. நம் பண்ணைகளில் இந்த நான்கும் ஆண்களுக்கு உண்டு. பெண்களுக்கு வந்தால் மட்டும் அது குடும்பம் ஆகிவிடுகிறது. உரக்கடைக்குப் போகும்போது தொழில், வங்கிக்குப் போகும்போது தொழில், கட்டுத்தரைக்குள் நுழைந்தால் குடும்பம். இந்த இரட்டை வேஷத்தைத்தான் நான் எதிர்க்கிறேன்.

அரசாங்கத்துக்கு இது தெரியாது என்று நினைக்கவேண்டாம். 1965இல் தொடங்கி, 1985இல் வேளாண் செலவுகள் மற்றும் விலைகள் ஆணையம் என்று பெயர் மாறிய அமைப்பு ஒன்று டெல்லியில் இருக்கிறது. குறைந்தபட்ச ஆதரவு விலையை அதுதான் பரிந்துரைக்கிறது. அதன் கணக்கு முறையில் செலவுக்குப் பல படிகள் உண்டு. விதை, உரம், டீசல், ஆள் கூலி, குத்தகை என்று கையிலிருந்து போகிற செலவு ஏ2. அதோடு குடும்பத்தார் கூலியில்லாமல் செய்த வேலைக்கு ஒரு மதிப்புப் போட்டுச் சேர்த்தால் அது ஏ2 கூட்டல் எஃப்எல். சொந்த நிலத்துக்கு வாடகை, சொந்த முதலுக்கு வட்டி என்று அதையும் சேர்த்தால் சி2. அதற்கு மேல் நிர்வாகம் செய்ததற்காகப் பத்து விழுக்காடு போட்டால் சி3. எம்.எஸ். சுவாமிநாதன் தலைமையில் 2004இல் அமைந்த தேசிய விவசாயிகள் ஆணையம், உற்பத்திச் செலவுக்கு மேல் குறைந்தது 50 விழுக்காடு சேர்த்து விலை தரச் சொன்னது. எந்தச் செலவுக்கு மேல் என்பதில்தான் இத்தனை வருடச் சண்டை. 2018-19 பட்ஜெட்டிலிருந்து அரசு ஏ2 கூட்டல் எஃப்எல்லின் ஒன்றரை மடங்கைத் தருவதாகச் சொல்கிறது. விவசாயச் சங்கங்கள் சி2வின் ஒன்றரை மடங்கைக் கேட்கின்றன.

சங்கங்கள் கேட்பது நியாயம். நானும் அந்த ஊர்வலத்தில் நடப்பேன். ஆனால் தோழர்களே, நீங்கள் கோஷமிடும் அந்தக் கணக்கில் எஃப்எல் என்ற இரண்டு எழுத்து எதைக் குறிக்கிறது என்று ஒருமுறையாவது மேடையில் பேசியிருக்கிறீர்களா? அதில் உங்கள் வீட்டுப் பெண்களின் கூலியும் இருக்கிறது. நெல்லுக்கும் நிலக்கடலைக்கும் பருத்திக்கும் அறிவிக்கப்படும் விலைக்குள் அவளுடைய கூலி ரூபாய் பைசாவாக மதிப்பிடப்பட்டு உட்கார்ந்திருக்கிறது. கொள்முதல் நிலையத்தில் மூட்டையை இறக்கியதும் அந்தப் பணம் யாருடைய வங்கிக் கணக்கில் ஏறுகிறது? அவள் கூலியைக் காட்டி விலை கேட்கிறோம். விலை வந்ததும் கூலியை மறந்துவிடுகிறோம். கட்டுமான மேஸ்திரி ஒருவர் சித்தாள்களின் கூலியையும் சேர்த்து முதலாளியிடம் வாங்கிக்கொண்டு அவர்களுக்குத் தராமல் போனால் அதற்கு ஊரில் என்ன பெயர் சொல்வோம்?

அந்த மதிப்பும் முழு மதிப்பாக இருப்பதில்லை. பண்ணை மேலாண்மைப் பாடத்தில் பெண்ணின் ஒரு நாள் வேலையை 'ஆண் நாள்' ஆக மாற்றும் ஒரு பழக்கம் உண்டு. மாற்றும்போது அது சுருங்கும். ஏன் என்றால், ஊரில் பெண்ணுக்குக் கூலி குறைவு, அதனால் கணக்கிலும் குறைவு. ஊர் செய்கிற அநியாயத்தைச் சூத்திரமாக்கி மாணவர்களுக்குக் கற்றுத்தருகிறோம். சி3இன் பத்து விழுக்காட்டைப் பற்றியும் எனக்குச் சந்தேகம் உண்டு. மாடு எப்போது பருவத்துக்கு வரும், எந்தக் கன்றுக்குக் கழிச்சல், எந்த வயலில் களை முந்தும், எத்தனை ஆளை எந்த நாளைக்குச் சொல்வது என்று எங்கள் பண்ணையில் முடிவு செய்வது அம்மா. வங்கி மேலாளரிடம் பேசுவது அப்பா. நிர்வாகம் என்ற சொல்லைக் கேட்டதும் உங்களுக்கு யார் முகம் தோன்றுகிறது?

ஒன்றைக் கவனித்திருக்கிறேன். ஈரோட்டிலும் திருப்பூரிலும் என்னிடம் படித்த பிள்ளைகள் பலருக்குக் குடும்பத்தில் கடையோ கம்பெனியோ இருக்கும். அந்தக் கம்பெனிகளின் பத்திரங்களில் மனைவி பங்குதாரர், அம்மா பங்குதாரர், பல இடங்களில் அவர்களுக்கு மாதச் சம்பளம்கூட உண்டு, காகிதத்தில். காரணம் காதல் இல்லை, வருமான வரி. பங்கைப் பிரித்துக் காட்டினால் வரி குறையும் என்று ஆடிட்டர் சொல்லிக்கொடுத்திருப்பார். வேளாண் வருமானத்துக்கு வரி கிடையாது. வருமான வரிச் சட்டம் அதை விலக்கியிருக்கிறது. வரி இல்லாததால் கணக்குப் புத்தகமும் இல்லை. கணக்குப் புத்தகம் இல்லாததால் பெண் பெயரை எழுதவேண்டிய அவசியமும் இல்லை. அவள் பெயரை எழுதினால் காசு மிச்சமாகும் இடத்தில் எழுதுகிறார்கள், காசு தரவேண்டியிருக்கும் இடத்தில் குடும்பம் என்கிறார்கள். இந்த அளவுக்குக் கணக்கு தெரிந்தவர்களைப் பார்த்து, கணக்கெழுதத் தெரியாதவர்கள் என்று அந்தப் பயிற்சியாளர் பாவம் பார்த்தார்.

உழைப்பை விடுங்கள், முதலுக்கு வருவோம். எந்தத் தொழிலுக்கும் முதல் கேள்வி, பணம் எங்கிருந்து வந்தது? அம்மா கல்யாணத்துக்கு 18 பவுன் போட்டு வந்தவள். 1996இல் ஆழ்துளைக் கிணறு தோண்ட ஏழு பவுன் விற்றார்கள். அப்புறம் வருடா வருடம் மஞ்சள் நடவுக்கு முன்னால் மிச்ச நகை அடகுக்குப் போகும், மஞ்சள் விற்றதும் வரும். விலை விழுந்த ஒரு வருடம் நாலு பவுன் மூழ்கிப்போனது. வந்த நகையை அவள் கழுத்தில் போட்டுப் பார்த்தது கல்யாணங்களுக்கு மட்டும்தான், அதுவும் முகூர்த்தம் மாசியிலோ பங்குனியிலோ வந்தால்! கடன் தந்த வங்கிக்கு வட்டி போயிற்று. நகை தந்தவளுக்கு வட்டியும் இல்லை, அசலும் இல்லை. 2021இல் கூட்டுறவு வங்கிகளில் ஐந்து பவுனுக்கு உட்பட்ட நகைக்கடன்களைத் தள்ளுபடி செய்வதாகத் தமிழக அரசு அறிவித்தபோது ஊர் ஊராக வரிசை நின்றது. நம் கிராமப் பொருளாதாரம் யார் கழுத்தின் மேல் நிற்கிறது என்று அந்த வரிசையைப் பார்த்தாலே தெரியும். ஆழ்துளைக் கிணறு இன்றும் எங்கள் பண்ணையின் சொத்து. அதை யார் பணத்தில் தோண்டியது என்று எந்தக் காகிதத்திலும் இல்லை. இதையே ஒரு பங்காளி போட்டிருந்தால் பஞ்சாயத்து வைத்துப் பங்கு வாங்கியிருப்பார்.

நிலத்துக்கு வந்தால் என்னையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றவேண்டும். பெண்ணுக்குச் சொத்தில் சம உரிமை வேண்டும் என்று 1929இல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாட்டில் தீர்மானம் போட்டார்கள். சட்டமாக 60 வருடம் ஆனது. 1989இல் தமிழ்நாடு தன் திருத்தச் சட்டத்தைக் கொண்டுவந்து, அன்றைக்குக் கல்யாணமாகாத மகள்களுக்குக் கூட்டுக் குடும்பச் சொத்தில் பிறப்பாலேயே பங்கு உண்டு என்றது. 2005இல் நாடு முழுவதற்கும் வந்தது. 2020இல் உச்சநீதிமன்றம், 2005இல் தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டிய கட்டாயம்கூட இல்லை என்று தெளிவாக்கியது. எனக்குக் கல்யாணம் 2003இல். ஆகவே சட்டப்படி நான் பங்காளி. 2011இல் சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போய் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டேன். ரொக்கம் பெற்றுக்கொண்டு என் பாகத்தை விட்டுக்கொடுத்ததாக அதில் எழுதியிருந்தது. அந்த ரொக்கத்தை நான் பார்த்ததே இல்லை. ஏன் போட்டேன்? பொறந்த வீட்டு வாசல் மூடிவிடும் என்று எல்லோரும் சொன்னார்கள். எனக்கும் பயமாக இருந்தது. வகுப்பில் பங்கு மாற்றம் பற்றி ஒரு மணி நேரம் பேசுகிறவள், சொந்தப் பங்கை ஒரு தட்டு ஜாங்கிரிக்கும் பட்டுப்புடவைக்கும் எழுதிக்கொடுத்துவிட்டு வந்தேன்.

2015-16 வேளாண் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் நிலத்தைக் கையாள்பவர்களாகப் பதிவானவர்களில் பெண்கள் 14 விழுக்காட்டுக்கும் சற்றுக் குறைவு. அந்தப் 14 எப்படி 14ஆக நிற்கிறது என்று கேட்டால், என்னைப் போன்றவர்கள் போட்ட கையெழுத்துகளைக் கொண்டுதான். பட்டா இல்லாததால் அவள் விவசாயி இல்லை. விவசாயி இல்லாததால் உழவர் கடன் அட்டை அவள் பேரில் வராது, பயிர்க் காப்பீடு வராது, வருடம் 6,000 தரும் பிஎம் கிசான் வராது. தொழிலாளர் கணக்கெடுப்பில் அவளுக்கு இருக்கும் பெயர், குடும்பத் தொழிலில் உதவியாளர். உதவியாளராம்! அவள் 42 நாள் படுத்தால் மூழ்கிப்போகும் தொழிலில் அவள் உதவியாளர்.

இதை மாற்ற ஒரு முயற்சி நடந்தது. மாநிலங்களவை உறுப்பினராக இருந்தபோது சுவாமிநாதன், மகளிர் விவசாயிகள் உரிமை மசோதா 2011 என்று ஒரு தனிநபர் மசோதாவைக் கொண்டுவந்தார். பட்டா இருக்கிறதா என்று பார்க்காமல், விவசாய வேலை செய்கிற பெண்ணுக்குப் பெண் விவசாயி என்று சான்றிதழ் தரவேண்டும் என்றது அது. விவாதத்துக்கே வராமல் காலாவதியானது. பசுமைப் புரட்சிக்காக அவரைப் புகழ்கிறவர்களும் சரி, திட்டுகிறவர்களும் சரி, இந்த மசோதாவைப் பற்றி வாய் திறந்து நான் கேட்டதில்லை.

இந்த இடத்தில் கட்டுரையை முடித்துக்கொண்டால் எனக்குச் சௌகரியமாக இருக்கும். அம்மா பாதிக்கப்பட்டவள், நான் பாதிக்கப்பட்டவள் என்று நிறுத்திவிடலாம். ஆனால் எங்கள் காட்டுக்கு மஞ்சள் வெட்டவும் களையெடுக்கவும் வருகிற பெண்கள் அருந்ததியர் காலனியிலிருந்து வருகிறார்கள். அவர்களுக்கு நாள் கூலி 350. கூடவே வரும் ஆண்களுக்கு 600. பட்டுவாடா செய்வது அம்மா. ஏன் இந்த வித்தியாசம் என்று கேட்டால், "எல்லாக் காட்டுலயும் அதேதான அம்மிணி" என்பாள். சம ஊதியச் சட்டம் வந்தது 1976இல். அவர்களுக்கு டீ கொடுக்கும் தம்ளர்கள் இன்றும் கட்டுத்தரை எறவாரத்தில் தனியாகச் செருகியிருக்கின்றன. தன் கூலியைப் பற்றிக் கேட்கத் தெரியாத அம்மாவுக்கு, அடுத்தவள் கூலியில் 250 ரூபாய் குறைக்கத் தெரிந்திருக்கிறது. சாதி அவளுக்குத் தந்த ஒரே நிர்வாக அதிகாரம் அது. அதை அவள் முழுதாகப் பயன்படுத்துகிறாள்.

தொழில் தொழில் என்று பேசுகிறவர்களின் சாயம் வெளுத்த இடமும் இதுதான். நூறு நாள் வேலை வந்தபோது ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி என்று சட்டமே சொன்னது. தமிழ்நாட்டில் அந்த வேலைக்குப் போனவர்களில் எண்பது விழுக்காட்டுக்கும் மேல் பெண்கள். சந்தையில் நம்பிக்கை உள்ள தொழிலதிபர் என்ன செய்யவேண்டும்? பக்கத்துக் கம்பெனி அதிகக் கூலி தந்தால் தானும் கூட்டித்தர வேண்டும். எங்கள் ஊர்ப் பண்ணையக்காரர்கள் பக்கத்துக் கம்பெனியை மூடச் சொன்னார்கள். விதைப்புக் காலத்தில் வேலையை நிறுத்தச் சொல்லி மனு எழுதினார்கள். ஆள் சோம்பேறியாகிவிட்டது என்றார்கள். மஞ்சள் விலைக்கு மட்டும் சந்தை வேண்டும், பெண்ணாள் கூலிக்குச் சந்தை வேண்டாம்.

இப்போது ஒரு புதுவகைப் பண்ணைக்காரர் வந்திருக்கிறார். நகரத்து வேலையை உதறிவிட்டு மண்ணுக்குத் திரும்பியவர். என் தம்பியும் அந்த ரகம்தான், கொரோனா காலத்தில் பெங்களூரிலிருந்து வந்தான். இவர்களைப் பற்றிப் பத்திரிகைகளில் கட்டுரை வரும். தலையில் துண்டு, கையில் கதிர், பின்னால் மாடு. நாலாவது பத்தியில், மனைவி உறுதுணையாக இருக்கிறார் என்று ஒரு வரி. மதிப்புக் கூட்டினால்தான் லாபம் என்று பேட்டியில் சொல்வார். மதிப்பை யார் கூட்டுகிறார்கள்? பாலை நெய்யாக்குவது, மஞ்சளைப் பொடியாக்குவது, கம்பை வறுத்துச் சத்துமாவாக்குவது, பாக்கெட் ஒட்டுவது, வாட்ஸ்அப்பில் ஆர்டர் எடுப்பது எல்லாம் தம்பி மனைவி. பி.எஸ்ஸி. கணிதம் படித்தவள். சமையலறைதான் தொழிற்சாலை, அதற்கு வாடகை இல்லை, ஷிப்ட் முடிவதும் இல்லை. 2019இல் அரசு எடுத்த நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பில், வீட்டு வேலை செய்கிற பெண்கள் அதற்கு நாளுக்குச் சராசரி 299 நிமிடம் செலவிட்டார்கள். செய்கிற ஆண்கள் 97 நிமிடம். செய்கிற ஆண்களே நாலில் ஒருவர் அளவில்தான். அந்த 299க்கு மேல் இப்போது சத்துமாவும் சேர்ந்திருக்கிறது. ரசாயனக் களைக்கொல்லி வேண்டாம் என்று தம்பி எடுத்த முடிவை நான் மதிக்கிறேன். முடிவு அவனுடையது, குனிந்து களையெடுக்கும் இடுப்பு வேறொருத்தியுடையது.

வீட்டுக்குள் கணக்குப் பார்ப்பதா என்று கேட்பார்கள். வரப்பு ஒரு முழம் நகர்ந்தால் அண்ணன் தம்பி கோர்ட்டுக்குப் போகிற ஊரில் இந்தக் கேள்வியை எப்படிக் கூச்சமில்லாமல் கேட்கிறார்கள் என்று தெரியவில்லை. எல்லாம் அவளுக்குத்தானே என்பார்கள். அப்படியானால் பாஸ்புக்கை அவளிடம் கொடுங்கள். என் தோழி ஒருத்தி வேறு மாதிரி கேட்டாள்: சம்பளம் கொடுத்துவிட்டால் அவளைக் கட்டுத்தரையிலேயே கட்டிப்போட்ட மாதிரி ஆகாதா? அவள் இப்போதும் கட்டுத்தரையில்தான் இருக்கிறாள். கையில் காசில்லாமல் இருக்கிறாள். காசு வந்தபிறகு போவதா இருப்பதா என்று அவளே முடிவு செய்யட்டும்.

வலுவான எதிர்வாதம் ஒன்றே ஒன்றுதான். இப்படிக் கணக்கெழுதினால் சிறு விவசாயிகளில் முக்கால்வாசிப் பேர் நட்டத்தில் இருப்பது தெரிந்துவிடும், விவசாயமே நின்றுவிடும் என்பது. தெரியட்டும். அந்தப் பழமொழிக்கு இது முன்பே தெரியும், பயிற்சியாளருக்குத்தான் தெரியவில்லை. உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்கு மிஞ்சாது, உழுதவன் பெண்டாட்டி கணக்குப் பார்த்தால் கடன்தான் மிஞ்சும். நகரத்தில் காலையில் நீங்களும் நானும் குடிக்கிற காபிக்குப் பால் இந்த விலைக்குக் கிடைப்பது ஒருத்தி நாளுக்கு 232 ரூபாய் கையிலிருந்து போடுவதால். மானியம் தருவது அரசு என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். அவளுக்குக் கூலி கொடுத்தும் பண்ணை நிற்கவேண்டும் என்றால் பால் விலை ஏறவேண்டும், அல்லது அரசு அந்த இடத்தில் பணம் போடவேண்டும். அந்தச் சண்டையை வெளியே போய்ப் போடுவோம். அவள் முதுகில் ஏறி நின்றுகொண்டு கட்டுபடியாகிறது என்று சொல்லவேண்டாம்.

செய்யக்கூடியது எதுவும் பெரிய காரியமில்லை. கறக்கிறவள் பேரில் சொசைட்டி அட்டை இருக்கட்டும், பால் பணம் அவள் கணக்குக்குப் போகட்டும். பட்டா கூட்டுப் பட்டாவாகட்டும். கூலி என்ற வரியில் 'இல்லை' என்று வருகிற எந்தத் திட்ட அறிக்கையையும் வங்கி திருப்பியனுப்பட்டும். எங்கள் காட்டில் களைக்கு ஆணும் பெண்ணும் ஒரே கூலி என்று போன தை மாதம் சண்டை போட்டு முடிவு செய்தோம். இரண்டு நாள் அம்மா என்னோடு பேசவில்லை. பக்கத்துக் காட்டுக்காரர் இன்னும் அப்பாவோடு பேசவில்லை. தம்ளர் விஷயத்தில் இன்னும் ஜெயிக்கவில்லை.

பயிற்சியிலிருந்து வந்த வாரம், ஐந்து மாட்டைப் பத்தாக்கக் கடன் கேட்டுத் தம்பி விண்ணப்பம் நிரப்பினான். சரிபார்க்க என்னிடம் தந்தான். கூலி வரியில் 'இல்லை' என்றிருந்ததை அடித்துவிட்டு, இரண்டு பெயரும் இரண்டு தொகையும் எழுதினேன். அம்மா பெயர் ஒன்று, தம்பி மனைவி பெயர் ஒன்று. கூட்டிப் பார்த்தான். நிகர லாபம் என்ற கட்டத்தில் கழித்தல் குறி வந்தது.

"அக்கா, இப்படிக் கொடுத்தா லோன் தருவானா?"

"தரமாட்டான்."

தம்பி மனைவி அடுப்படியிலிருந்து வந்து தாளை வாங்கிப் பார்த்தாள். கூட்டல் ஒரு இடத்தில் தப்பு என்றாள். பேனா எடுத்துத் திருத்தினாள். சாயங்காலக் கறவைக்கு அவள் போடும் ஒன்றரை மணி நேரத்தை நான் விட்டிருந்தேன். இதை எழுதும் இன்றுவரை அந்த விண்ணப்பம் டிவிப் பெட்டி மேல்தான் இருக்கிறது.